சரக்கும் சொல்லும்



வேற்று மாநிலத்திற்குச் சென்று தொழில் தொடங்கும் தமிழர் ஒருவருக்கு முதலில் இல்லாமற் போவது யாது என்று கேட்டால், பெரும்பாலோர் பணம் என்பர். சிலர் மொழி என்பர். இரண்டும் உண்மையே. ஆயினும் அவ்விரண்டிற்கும் முன்னதாக அவர் இழப்பது ஒன்றுண்டு. சொந்த ஊரில் அவர் இன்னார் மகன், இன்ன தெருக்காரர், அவருடைய மாமா இன்ன கடை வைத்திருக்கிறார் என்பதையெல்லாம் எவரும் எடுத்துச் சொல்லாமலே பிறர் அறிந்திருந்தனர். அந்த அறிமுகமே பாதி வியாபாரத்தை முடித்துவிடும். டில்லியிலோ, ஆமதாபாத்திலோ, ஜாம்ஷெட்பூரிலோ அவர் ஒரு கடை வாயிலில் போய் நிற்கும்போது, அவருக்காகப் பரிந்து பேச அவருடைய சரக்கும் அவருடைய சொல்லுமே உண்டு. அச்சொல் எத்தகையதாக இருத்தல் வேண்டும் என்பதைக் குறித்தே இன்று பேச எண்ணுகிறேன்.

வாயுள்ள பிள்ளை பிழைத்துக்கொள்ளும் என்று நம் வீடுகளில் சொல்வார்கள். இப்பழமொழியை நம்பிக் கெட்டவர்களையும் நான் கண்டிருக்கிறேன். பிறரை இணங்க வைக்கும் ஆற்றல் நாவின் இனிமையில் இருக்கிறது என்பது பரவலான எண்ணம். என் அனுபவத்தில் அஃது அவ்வாறன்று. பணம் கொடுக்க வேண்டியவர் தயங்குவதற்குக் காரணம் நம் பேச்சு இனிக்கவில்லை என்பதன்று. அவர் உள்ளத்தில் ஓர் அச்சம் இருக்கிறது. பணம் போய்விடுமோ, சரக்குக் கெட்டுவிடுமோ, நாளைக்கு இந்த மனிதன் வருவானோ மாட்டானோ என்பது போன்ற அச்சம் அது. அந்த அச்சம் இன்னதென்று கண்டறிந்து அதனை நீக்குபவரே இணங்க வைப்பவர். இதற்கு ஒரு பெரிய சான்று நம் நாட்டுத் தொழில் வரலாற்றிலேயே இருக்கிறது.

இந்தியாவில் எஃகு ஆலை ஒன்று நிறுவ வேண்டும் என்பது ஜாம்செட்ஜி டாட்டாவின் நெடுநாள் கனவு. அக்கனவு நனவாகு முன்னரே, 1904ஆம் ஆண்டில் அவர் காலமானார். அவருடைய மைந்தர் தோராப்ஜி டாட்டாவும், உடனுழைத்த பாத்ஷாவும் மூலதனம் தேடி இலண்டனுக்குச் சென்றார்கள். உலகத்தின் பணச் சந்தை அக்காலத்தில் அங்கேதான் இருந்தது. ஆனால் அங்கே பணம் கிடைக்கவில்லை. இரயில்வே வாரியத் தலைவராயிருந்த சர் பிரெடரிக் அப்காட் என்னும் ஆங்கிலேயர், டாட்டாக்கள் தரமான தண்டவாளம் செய்தால் அதன் ஒவ்வொரு இராத்தலையும் தாமே தின்றுவிடுவதாக நகையாடினார் என்று சொல்வதுண்டு. இத்தகைய சூழ்நிலையில் அவர்கள் பம்பாய்க்குத் திரும்பி, இந்திய மக்களிடமே பங்குகளை விற்பதென முடிவு செய்தார்கள். 1907 ஆகஸ்டு 26ஆம் நாள் கம்பெனி பதிவாயிற்று. பங்கு வெளியீட்டு அறிக்கை வெளிவந்ததும் காலை முதல் இரவு வரை டாட்டா அலுவலகத்தைக் கூட்டம் சூழ்ந்துகொண்டது. மூன்றே வாரங்களில், ஏறத்தாழ 8,000 இந்தியர்களிடமிருந்து, ஆலை கட்டுவதற்கு வேண்டிய 16,30,000 பவுன் முழுவதும் சேர்ந்துவிட்டது! பிறகு நடைமுறை மூலதனத்திற்காகக் கடன் பத்திரங்கள் வெளியிட்டபோது, 4 இலட்சம் பவுன் பெறுமானமுள்ள அத்தனையையும் குவாலியர் மகாராஜா சிந்தியா ஒருவரே எடுத்துக்கொண்டார்.

சுதேசி உணர்ச்சி கொழுந்துவிட்டு எரிந்த காலம் அது. ஆகையால் மக்கள் பணத்தைக் கொட்டினர் என்று எளிதாகச் சொல்லிவிடலாம். உணர்ச்சி கதவைத் திறந்தது என்பதை நானும் ஒப்புக்கொள்கிறேன். ஆனால் உள்ளே நுழைந்த பிறகு கேட்கப்படும் கேள்விகளுக்கு உணர்ச்சி விடை சொல்லாது. இரும்புக் கல் உண்டா? மயூர்பஞ்சு சமஸ்தானத்தின் மலைகளில் உண்டு என்று புவியியல் அறிஞர் பி. என். போஸ் 1904ஆம் ஆண்டிலேயே எழுதியிருந்தார். அமெரிக்க வல்லுநர்கள் நேரிற் சென்று பார்த்து உறுதி செய்திருந்தார்கள். ஆலை கட்டத் தெரிந்தவர் யார்? சார்லஸ் பேஜ் பெரின் என்னும் அமெரிக்கப் பொறியாளர். ஆக்கிய எஃகை வாங்குபவர் யார்? இதுதான் எல்லாவற்றிலும் பெரிய அச்சம். அதற்கும் விடை கையில் இருந்தது. தரம் சரியாக இருந்தால் ஆண்டுதோறும் 20,000 டன் தண்டவாளங்களைப் பத்து ஆண்டுகளுக்கு, இறக்குமதி விலைக்கே வாங்கிக்கொள்வதாக அரசாங்கம் முன்னரே இசைந்திருந்தது. அஃதாவது, பங்கு வாங்குபவர் கேட்கக் கூடிய கேள்விகளை அவர்கள் தமக்குத்தாமே முன்கூட்டிக் கேட்டுக்கொண்டு, சில ஆண்டுகள் அலைந்து விடை சேகரித்துவிட்டு, அதன் பிறகே வாய் திறந்தார்கள். மூன்று வாரத்தில் பணம் சேர்ந்தது என்பது காதுக்கு இனிய செய்தி. அதற்குப் பின்னால் இருந்த ஆண்டுகளை நாம் எண்ணிப் பார்ப்பதில்லை. 1912ஆம் ஆண்டில் அந்த ஆலையிலிருந்து முதல் எஃகு வெளிவந்தது.

ஏறத்தாழ அதே நாட்களில், தமிழர் ஒருவரும் பங்குகளை விற்பதற்காகப் பம்பாய்க்கும் கல்கத்தாவுக்கும் அலைந்துகொண்டிருந்தார். அவர் வ. உ. சிதம்பரம் பிள்ளை. தூத்துக்குடிக்கும் கொழும்புக்கும் இடையே ஆங்கிலேயக் கப்பற் கம்பெனி ஒன்றே ஆதிக்கம் செலுத்தி வந்தது. 1906 அக்டோபரில் அவர் பதிவு செய்த சுதேசிக் கப்பற் கம்பெனியின் மூலதனம் 10 இலட்சம் ரூபாய். அதனை அவர் பிரித்த முறையைக் கவனியுங்கள். பங்கு ஒன்று 25 ரூபாய். ஆக 40,000 பங்குகள். செல்வர் ஒருவர் ஆயிரக்கணக்கில் வாங்கலாம். சிறிய வியாபாரி ஒன்றிரண்டு வாங்கிக்கொண்டு, தானும் கப்பற் சொந்தக்காரன் என்று சொல்லிக்கொள்ளலாம். எதிரில் இருப்பவர் எடுத்துவைக்க வேண்டிய முதல் அடியைச் சிறிதாக்குவது, இணங்க வைக்கும் வழிகளுள் மிகப் பழையதும் மிக நேர்மையானதும் ஆகும். வ. உ. சி. அதனை எவரிடமும் கற்றவரல்லர். வழக்கறிஞராகவும் வணிகர்களின் நண்பராகவும் இருந்த பழக்கத்தால் அறிந்தவர். கப்பலோடுதான் திரும்புவேன் என்று சொல்லிச் சென்றவர், 1907ஆம் ஆண்டில் ‘காலியா’ என்னும் கப்பலைத் தூத்துக்குடிக்குக் கொண்டுவந்து சேர்த்தார்.

அதன் பின்னர் நேர்ந்ததை நாம் அறிவோம். போட்டிக் கம்பெனி கட்டணத்தைக் குறைத்தது. சுதேசிக் கம்பெனி அதனினும் குறைத்தது. போட்டிக் கம்பெனி இலவசமாகவே ஏற்றிச் சென்று, கூடவே குடையும் கொடுத்தது. 1908 மார்ச்சில் வ. உ. சி. சிறைப்பட்டார். 1911ஆம் ஆண்டில் கம்பெனி கலைக்கப்பட்டது. அரசாங்கத்தின் அடக்குமுறையே பெருங்காரணம் என்பதில் எனக்கு ஐயமில்லை. எனினும் வணிகக் கண்ணோடு பார்க்கும்போது வேறொன்றும் தோன்றுகிறது. போட்டியாளன் நட்டத்துக்கு அஞ்சாமல் விலையைக் குறைத்தால் எத்தனை மாதம் தாங்குவோம் என்னும் கேள்விக்கு, 10 இலட்சம் ரூபாய் மூலதனம் விடையாக முடியாது. எஃகு ஆலைக்கு அரசாங்கம் வாடிக்கையாளராக இருந்தது; கப்பலுக்கு அதே அரசாங்கம் பகைவராக இருந்தது. இரு முயற்சிகளையும் பேச்சுத் திறமையால் ஒப்பிட்டால் வ. உ. சி.யே மேம்பட்டு நிற்பார். ஆதலின் பேச்சுத் திறமையை மட்டும் நம்பிவிடாதீர்கள் என்று சொல்ல எனக்கு வேறு சான்று தேவையில்லை.

இலட்சங்களைப் பற்றிய பேச்சு நமக்கு எதற்கு என்று நீங்கள் கேட்கக்கூடும். சரி, ஒரு வாளி மாவைப் பற்றிப் பேசுவோம். டில்லியில் எனக்குத் தெரிந்த நண்பர் ஒருவர் சில ஆண்டுகளுக்கு முன் இட்லி மாவு அரைத்து உணவு விடுதிகளுக்குக் கொடுக்க முற்பட்டார். முதல் விடுதிக்குப் போனபோது அவர் சொன்னவை எல்லாம் தம்மைப் பற்றியவை. தம் பாட்டி காலத்துப் பக்குவம், உளுந்தின் உயர்வு, ஊரிலிருந்து தருவித்த ஆட்டும் இயந்திரம், தம் கையின் சுத்தம் ஆகியவற்றைத் தமக்குத் தெரிந்த இந்தியில் கால் மணி நேரம் எடுத்துரைத்தார். விடுதி உரிமையாளராகிய லாலாஜி பொறுமையாகக் கேட்டுவிட்டு, “தேக்கேங்கே” என்றார். பார்ப்போம் என்று சொல்லிவிட்டார், காரியம் கைகூடியது என்று நண்பர் மகிழ்ச்சியோடு வீட்டுக்கு வந்தார். நம் ஊரில் பெண் பார்த்துவிட்டுப் போகிறவர்கள் “பார்த்துச் சொல்லி அனுப்புகிறோம்” என்றால் அதன் பொருள் அவருக்குத் தெரியும். இந்தியில் அதே சொல் வந்தபோது தெரியவில்லை!

ஒரு மாதம் காத்திருந்து பயனில்லை என்று கண்ட பிறகு அவர் செய்ததுதான் எனக்குப் பிடித்தது. அதே விடுதியில் நாள்தோறும் காலையில் போய் இட்லி தின்றார். சமையற்காரரோடு பேசிப் பழகினார். டிசம்பர், ஜனவரி மாதங்களில் மாவு இரவெல்லாம் வைத்தாலும் பொங்குவதில்லை, இட்லி கல்லாகிறது, வாடிக்கையாளர் திருப்பி அனுப்புகிறார். மே, ஜூனிலோ காலையில் நன்றாயிருந்த மாவு நண்பகலில் புளித்துச் சாக்கடைக்குப் போகிறது என்று சமையற்காரர் புலம்பினார். லாலாஜியின் அச்சம் உளுந்தின் உயர்வைப் பற்றியதே அன்று என்பது அப்போது விளங்கிற்று. நண்பர் மறுபடியும் சென்றார். இம்முறை தம் பாட்டியைக் குறிப்பிடவே இல்லை. “லாலாஜி, பொங்கிய மாவாகக் காலை ஐந்து மணிக்கு ஒரு முறையும், பிற்பகல் இரண்டு மணிக்கு ஒரு முறையும் கொண்டுவருகிறேன். புளித்ததைத் திருப்பி எடுத்துக்கொள்கிறேன். ஒரு வாரம் பணம் வேண்டாம். எட்டாம் நாள் நீங்களே சொல்லுங்கள்” என்றார். இரண்டு நிமிடம்கூட ஆகவில்லை. லாலாஜி இணங்கினார்.

கையிலே பொருளைக் காட்டுவதும், நட்டத்தைத் தான் ஏற்பதும், சிறிய அளவில் தொடங்குவதும் ஆகிய மூன்றும் அந்த இரண்டு நிமிடத்தில் அடங்கியிருந்தன. பெரிய தொழில்களும் இவ்வழியில் வந்தவையே. எருமைப் பாலைத் தூளாக்க இயலாது என்று மேனாட்டு வல்லுநர்கள் அடித்துச் சொன்ன காலத்தில், ஆனந்தில் வர்கீஸ் குரியனுடன் பணியாற்றிய தலாயா என்பவர், வர்ணம் தெளிக்கும் கருவியையும் காற்றைச் சூடாக்கும் கருவியையும் இணைத்துப் பால் தூளை ஆக்கிக் காட்டினார். தூளைக் கண்ட பிறகு வாதத்திற்கு இடம் ஏது? 1955 அக்டோபரில் கேடா மாவட்டக் கூட்டுறவின் பால் தொழிற்சாலையை நேருஜி திறந்துவைத்தார். ஆமதாபாத்தில் 1969ஆம் ஆண்டில் கர்சன்பாய் பட்டேல் தம் வீட்டுப் பின்புறத்தில் சலவைத் தூள் செய்து, மிதிவண்டியில் வீடு வீடாகச் சென்று கிலோ 3 ரூபாய்க்கு விற்றார். பிடிக்காவிட்டால் பணம் வாபஸ் என்றும் சொன்னார். அதுதான் நிர்மா.

இனி என் நண்பர் செய்த பிழைக்கு வருகிறேன். வேற்று மாநிலத் தமிழர் பலருக்கும் இது பயன்படும். எட்டாம் நாள் விலை பேசினார்கள். ஐந்து கிலோ வாளி ஒன்றுக்கு லாலாஜி சொன்ன விலை, “பௌனே தோ ஸௌ.” நண்பரின் காதில் “தோ ஸௌ” மட்டுமே விழுந்தது. இருநூறு ரூபாய் என்று எண்ணிக்கொண்டு நாள்தோறும் பன்னிரண்டு வாளி கொடுத்தார். மாத முடிவில் 72,000 ரூபாய் எதிர்பார்த்துப் போனவர் கையில் 63,000 ரூபாய் வந்தது. ஏமாற்றிவிட்டான் என்று என்னிடம் வந்து கொதித்தார். எவரும் ஏமாற்றவில்லை. இந்தியில் ‘பௌனே’ என்றால் கால் குறைவு. பௌனே தோ ஸௌ என்பது 175. நம் முன்னோர் முக்கால், மாகாணி என்று சின்னங்களையெல்லாம் வாய்ப்பாடாக ஓதியவர்கள். பிற மொழியின் பின்னங்களைக் கற்பது நமக்கு ஒரு பாரமா? ஸவா ஸௌ 125. டேட் ஸௌ 150. டாயீ ஸௌ 250. பௌனே தீன் ஸௌ 275. ஸாடே தீன் ஸௌ 350. வடக்கே வியாபாரம் செய்கிறவர் இலக்கணம் பிழைபடப் பேசலாம். யாரும் பொருட்படுத்த மாட்டார்கள். எண்ணில் மட்டும் பிழை கூடாது. நாளின் முதல் விற்பனையை நாம் போணி என்கிறோம். அவர்கள் போஹ்னி என்கிறார்கள். இத்தகைய சொல் ஒன்றிரண்டைக் காலையில் சொல்லிப் பாருங்கள், கடைக்காரரின் முகம் மலரும்.

பேச்சு முடிந்து உடன்பாடு ஏற்படும் கட்டம் தனிக் கவனத்திற்கு உரியது. நம் மாட்டுச் சந்தைகளில் தரகர்கள் துண்டுக்கு அடியில் கையைக் கோத்து, விரல்களைத் தொட்டு விலை பேசுவதைப் பார்த்திருப்பீர்கள். அங்கே வாய்ப் பேச்சே இல்லை. ஒருவர் விரலை அழுத்திவிட்டு, மற்றவர் விரலுக்காகக் காத்திருக்கிறார். விலையைச் சொன்ன பிறகு காத்திருத்தல் ஒரு கலை. நம்மவர் பலர் விலையைச் சொல்லிவிட்டு, எதிரிலிருப்பவர் மூச்சு விடுவதற்குள் தாமே அச்சமுற்று, “வேண்டுமானால் இன்னும் குறைக்கலாம்” என்று விடுகிறார்கள். கேட்கப்படாத தள்ளுபடி அது. அதைப் போலவே, எதிரிலிருப்பவர் சரி என்று சொன்ன பிறகும் சரக்கின் பெருமையைத் தொடர்ந்து பேசுவது முடிந்த காரியத்தைக் கலைப்பதாகும்.

சரி என்ற சொல்லுக்குச் சட்டத்தில் ஓர் அளவுகோல் இருக்கிறது. 1872ஆம் ஆண்டு இந்திய ஒப்பந்தச் சட்டத்தின் 7ஆம் பிரிவின்படி, ஏற்பு என்பது முழுமையாகவும் நிபந்தனையின்றியும் இருத்தல் வேண்டும். “சரி, ஆனால் 160 ரூபாய்க்கு” என்று ஒருவர் சொன்னால் அஃது ஏற்பு அன்று, புதியதொரு முன்மொழிவு. அதற்கு நீங்கள் சரி சொல்லும் வரை உடன்பாடு எதுவும் பிறக்கவில்லை. அந்த ‘ஆனால்’ என்ற சொல்லைக் கவனியாது சரக்கை அனுப்பிவிட்டுப் பிறகு வழக்காடுவோர் மிகப் பலர். அதே சட்டத்தின் 17 முதல் 19 வரையுள்ள பிரிவுகளைப் பேச்சு வன்மை மிக்கவர்கள் சிறப்பாகப் படிக்க வேண்டும். பொய்யென்று அறிந்தே ஒன்றைச் சொல்லி இணங்க வைத்தால், ஏமாற்றப்பட்டவர் விரும்பினால் அந்த ஒப்பந்தத்தையே தள்ளிவிடலாம். மே மாதத்திலும் இரண்டு நாள் புளிக்காது என்று என் நண்பர் சொல்லியிருந்தால், லாலாஜியின் கையில் அந்த ஆயுதம் இருந்திருக்கும்.

வாய்மொழி ஒப்பந்தமும் பொதுவாகச் செல்லும். ஆனால் தகராறு வந்தால் அதனை மெய்ப்பிப்பது எளிதன்று. விலை, அளவு, நாள், பணம் தரும் தேதி ஆகிய நான்கையும் எழுதிக்கொள்ள ஒரு துண்டுத் தாள் போதும். பணம் தரும் தேதியைக் கேட்கத்தான் நம்மவருக்கு நாக்கு எழுவதில்லை. கேட்டால் வாடிக்கை போய்விடும் என்று அஞ்சுகிறார்கள். 2006ஆம் ஆண்டின் குறு, சிறு, நடுத்தரத் தொழில் வளர்ச்சிச் சட்டம் இதில் துணைக்கு வருகிறது. பதிவு செய்த குறுந்தொழில், சிறுதொழில் செய்வோரிடம் சரக்கு வாங்குபவர், எழுத்தில் எத்தனை நாள் தவணை பேசியிருந்தாலும், 45 நாளுக்கு மேல் பணத்தை நிறுத்திவைத்தல் கூடாது. தவறினால் ரிசர்வ் வங்கி அறிவிக்கும் வங்கி வீதத்தைப் போல் மும்மடங்கு கூட்டு வட்டி தர வேண்டும். 2020 ஜூலை முதல் ‘உத்யம்’ என்னும் பெயரில் இப்பதிவு இணைய வழியில் கட்டணமின்றி நடைபெறுகிறது. இதனை மிரட்டலாகச் சொல்ல வேண்டியதில்லை. பட்டியலின் மேல் பதிவு எண்ணை அச்சிட்டிருந்தாலே போதும், தெரிந்தவர் தெரிந்துகொள்வார்.

வங்கி மேலாளரிடம் கடன் கேட்கப் போகும்போதும் முறை இதுவே. 2015ஆம் ஆண்டில் தொடங்கிய முத்ரா திட்டத்தின் கீழ் ஈடின்றிக் கடன் பெற 10 இலட்சம் ரூபாய் வரை வழி ஏற்பட்டது. முன் வாங்கிய கடனை ஒழுங்காகத் திருப்பியவர்களுக்கு அவ்வரம்பு 2024ஆம் ஆண்டில் 20 இலட்சமாக உயர்த்தப்பட்டது. மேலாளரின் அச்சம் ஒன்றே: தவணை வருமா? எதிர்காலத்தில் பத்துக் கிளை திறப்பேன் என்பதைக் கேட்டால் அந்த அச்சம் கூடுமேயன்றிக் குறையாது. சென்ற ஆண்டில் மாதந்தோறும் கணக்கில் வந்து விழுந்த தொகையைக் காட்டினால் குறையும்.

என் நண்பர் இப்போது ஏழு விடுதிகளுக்கு மாவு கொடுக்கிறார். இந்தி சரளமாக வந்துவிட்டது. ஆயினும் விலை பேசி முடிந்ததும் கைப்பேசியை எடுத்து, எண்ணை இலக்கத்தில் தட்டி, பணம் தரும் தேதியையும் கீழே எழுதி, லாலாஜியின் எதிரிலேயே வாட்ஸப்பில் அனுப்புகிறார். அவர் படித்துவிட்டு “டீக் ஹை” என்று பதில் அனுப்பும் வரை நாற்காலியை விட்டு எழுவதில்லை.